எச்-1பி: ஆறு வருஷத்தோட கதை முடியாது

ஆசிரியர் சாருக்கு வணக்கம்,

அமெரிக்காவுக்கு எச்-1பி வேலை விசால போனவங்க ஆறு வருஷம் முடிஞ்சா பெட்டி கட்ட வேண்டியதுதான்னு செய்தில போட்டிருந்தீங்க, அது பாதிதான் சார் சரி. மொதல்ல மூணு வருஷம், அப்புறம் நீட்டிப்பு மூணு, அதுவரைக்கும் ஓகே. ஆனா கம்பெனி கிரீன் கார்டுக்கு, அதாவது அங்கேயே நிரந்தரமா தங்குற அனுமதிக்கு, போட்ட ஐ-140 மனு பாஸ் ஆகி, கோட்டாவுல நம்பர் வராம நின்னுட்டா மூணு மூணு வருஷமா நீட்டிச்சுக்கலாம், 2000லயே அதுக்கு சட்டம் வந்தாச்சு. நடுவுல அமெரிக்காவுக்கு வெளிய இருந்த நாளையும் ஆறு வருஷக் கணக்குல இருந்து கழிச்சு கேட்டு வாங்கலாம், இது எங்க ஃபேர்லேண்ட்ஸ்லயே பல பெத்தவங்களுக்கு தெரியல, அதனால ஏற்காடு கோடை விழா சமயத்துல லீவுக்கு வர்ற பசங்க டிக்கெட்டு, பாஸ்போர்ட் ஸ்டாம்ப் எல்லாம் ஆதாரமா பத்திரமா வச்சுக்கங்கப்பா.

கொடுமை எங்கன்னா, கிரீன் கார்டுல ஒரு நாட்டுக்கு 7 சதவீதம்தான், இந்தியாவுக்கும் அதே கணக்கு ஐஸ்லாந்துக்கும் அதே கணக்கு, இது என்ன நியாயமோ! நம்மாளுங்க வருஷக்கணக்கா காத்துக் கெடக்குறாங்க, அதுக்குள்ள பிள்ளைக்கு 21 வயசு ஆச்சுன்னா குடும்பத்துக்கு குடுக்குற எச்-4 விசா போயிடும். வேலை போச்சுன்னா அங்க இருக்க அதிகபட்சம் 60 நாள் டைம். அடுத்த தடவை இதையும் சேர்த்து போடுங்க சார்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், ஃபேர்லேண்ட்ஸ், சேலம்