அந்தத் தைவதம்

அன்புள்ள நண்பா,

இங்கே எல்லோரும் நலம். அம்மாவின் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. நீ போனில் விசாரித்ததைப் பத்து பேரிடமாவது சொல்லிவிட்டாள். நாலு மாதமாகப் பதில் போடாததற்கு உன் திட்டை நேரில் வாங்கிக்கொள்கிறேன். இன்றைக்கு எழுதுவதற்குக் காரணம் உன் படத்துக்காக நீ நேற்று அனுப்பிய டிராக், நேய் என்ற பாரசீக நாணல் குழலோடு உன் வயலின், வயோலா, செல்லோக்கள் சேர்கிற அந்தத் துண்டு. அதைவிட, அதன் கீழே நீ எழுதியிருந்த ஒரு வரி: "நேய் ஒரு இடத்தில் சுருதி சேரவில்லை, ட்யூன் பண்ணிவிடட்டுமா?"

பண்ணிவிடாதே. கையெடுத்துக் கும்பிடுகிறேன், அதைத் தொடாதே.

மற்றபடி நீ எழுதியிருப்பது அழகு. வயோலா தனியாக நுழைகிற இடத்தை மூன்று தடவை கேட்டேன். வாத்தியார் இருந்திருந்தால் கண்ணை மூடிக்கொண்டு தலையாட்டியிருப்பார். ஆனால் 22ஆவது நொடியில் ஸ்டாண்டைத் தட்டி நிறுத்தியிருப்பார். அங்கே நேய் பிடிப்பது 'பி' ஃப்ளாட் இல்லை, 'பி' நேச்சுரலும் இல்லை. உன் வயோலாக்கள் ஃப்ளாட்டைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நிற்கின்றன. தப்பு அந்தக் குழலில் இல்லை.

அந்த மெட்டு இஸ்ஃபஹான், நம் ராகம் மாதிரி ஒரு பாரசீக இசை முறை. 'டி'யை ஸட்ஜமாக வைத்துப் பார்த்தால் ஸ, ரி, க, ம, ப எல்லாம் நம் கீரவாணிதான், நிஷாதமும் அதேதான். தைவதம், அதாவது அந்த 'பி', மட்டும் சுத்த தைவதத்துக்கும் சதுஸ்ருதி தைவதத்துக்கும் நடுவில் உட்கார்ந்திருக்கிறது. ஃப்ளாட்டுக்கும் நேச்சுரலுக்கும் நடுவில் நிற்கிற இப்படி ஒரு ஸ்வரத்துக்குத்தான் கோரோன் என்று பெயர். அந்தக் குறியை எழுத்தில் கொண்டுவந்தவர் அலி-நகி வஸீரி. பாரிஸிலும் பெர்லினிலும் படித்துவிட்டுத் தெஹ்ரானில் இசைப் பள்ளி தொடங்கியவர். நாமும் கமகத்தில் இந்த இடங்களையெல்லாம் தொட்டுவிட்டு வருகிறோம், உனக்குத் தெரியும். ஆனால் அவர்களுக்கு இது அசைவில் தொடுகிற இடம் இல்லை. அங்கே நிற்கிறார்கள், மூச்சு விடுகிறார்கள், அதிலிருந்தே வாக்கியத்தைத் தொடங்குகிறார்கள்.

எவ்வளவு கீழே என்று கேட்பாய். பியானோவில் அடுத்தடுத்த இரண்டு கட்டைக்கு நடுவே 100 சென்ட். வஸீரி ஸ்தாயியை 24 சமப் பங்காகப் பிரித்தார். அந்தக் கணக்கில் 'ஏ'யிலிருந்து 'பி' கோரோன் 150 சென்ட், அங்கிருந்து 'சி' ஷார்ப் 250, பிறகு 'டி' 100. இசை ஆராய்ச்சியாளர் ஹொர்மோஸ் ஃபர்ஹாத் இதை ஒப்புக்கொள்ளவில்லை. அவர் வாத்தியக்காரர்களின் கையை அளந்து பார்த்தவர். அவர் கணக்கில் 135, 270, 90. கூட்டிப் பார், 495 வருகிறது. சுத்தமான மத்யம இடைவெளி 498. ஆக, கோரோன் இந்தக் கணக்கில் இன்னும் 15 சென்ட் கீழே. அதுவும் ஆளுக்கு ஆள் மாறும் என்பதுதான் ஃபர்ஹாத்தின் வாதமே. அவர் வெறும் ஆராய்ச்சியாளர் இல்லை என்பதையும் சேர்த்துக்கொள்: 1969இல் வந்த, ஈரானிய இயக்குநர் மெஹ்ர்ஜுயியின் 'காவ்' படத்துக்கு இசை அவர்தான். சென்ட் கணக்கு போட்ட கையேதான் படத்துக்கும் எழுதியது.

இதனால், ஆட்கள் வாசிப்பதற்கு முன் கம்ப்யூட்டரில் போட்டுப் பார்க்கிற உன் மாக்-அப்பிலும் ஒரு வேலை இருக்கிறது. ஸ்வரத்தை வளைக்கிற பிட்ச் பெண்ட் இரண்டு செமிடோனில் இருந்தால் 8192 என்பது 200 சென்ட். 'பி' நேச்சுரலிலிருந்து 50 சென்ட் இறக்க மைனஸ் 2048, ஃபர்ஹாத் சொல்கிற 65 சென்டுக்கு மைனஸ் 2662. பெண்ட் அந்தச் சேனல் முழுவதையும் சேர்த்து இறக்கும், அதனால் 'பி'க்கு மட்டும் தனிச் சேனல் போடு. நீ ஒரே சேனலில் போட்டிருக்கிறாய் என்று நினைக்கிறேன். 31ஆவது நொடியில் 'டி'யும் சேர்ந்து சரிகிறது.

சரி, இனி கார்டு, அதாவது மெட்டுக்குக் கீழே ஒன்றாகச் சேர்த்து வைக்கிற ஸ்வரங்கள். முழுச் சிக்கலும் இங்கேதான்.

கீரவாணி மாதிரி கேட்கிறதே என்று எல்லோரும் செய்கிற காரியம், அதை 'டி' ஹார்மோனிக் மைனராக எடுத்துக்கொண்டு 'ஜி' மைனர் கார்டைப் போடுவது. நீயும் அதையே போட்டிருக்கிறாய், இரண்டு இடத்தில். 'ஜி', 'பி', 'டி'. நடு ஸ்வரம் கோரோன் ஆனால் அந்தக் கார்டு மைனரும் இல்லை, மேஜரும் இல்லை. அதைச் 'சரிசெய்ய' ஃப்ளாட் ஆக்கினால் நேய் பொய் சொல்கிற மாதிரி கேட்கும். நேயையும் இழுத்து ஃப்ளாட் ஆக்கினால் இஸ்ஃபஹானே போய்விடும், மிஞ்சுவது ஒரு சோகமான மேற்கத்திய வால்ட்ஸ்.

எது உடைகிறது, எது உடையவில்லை என்று பியானோவில் உட்கார்ந்து பார்த்தேன். 'டி' மைனர் முழுசாக நிற்கிறது. 'ஏ' மேஜர் நிற்கிறது, மேலே 'ஜி' சேர்த்தாலும் நிற்கிறது. நுழைவதற்கும் முடிப்பதற்கும் உனக்கு வேண்டியது கையில் இருக்கிறது. 'பி' இருக்கிற கார்டு எல்லாம் உடைகிறது. மெட்டில் கோரோன் நீண்டு நிற்கும்போது கீழே 'ஈ' வைக்காதே, பஞ்சமம் 650 சென்டாகச் சுருங்கி ஓலமிடும். 'எஃப்'பும் நீண்டால் உறுத்தும். வெறும் 'ஜி'யும் 'டி'யும் மட்டும், நடுவே எதுவும் இல்லாமல், மெதுவாக வைத்துப் பார். நேயின் ஸ்வரம் அந்த இரண்டுக்கும் நடுவே ஏறக்குறைய 350 சென்டில் மிதக்கும். எனக்கு இந்த மெட்டிலேயே மிகப் பிடித்த இடம் அதுதான்.

இந்தக் கேள்வியோடு வாழ்நாள் முழுக்க மல்லுக்கட்டியவர் ஈரானிய இசையமைப்பாளர் மொர்தெஸா ஹன்னானே. ஹார்ன் வாசித்தவர், இத்தாலியில் படித்தவர், ஃபாராபி ஆர்கெஸ்ட்ராவை உருவாக்கியவர். அவர் சொன்னதைச் சுருக்கினால் இதுதான்: பாரசீக மெட்டுக்கு மூன்றாம் இடைவெளிகளை (ஒரு ஸ்வரம் விட்டு அடுத்த ஸ்வரம் என்று) அடுக்கிக் கார்டு கட்டாதே. இரண்டு, நான்கு, ஆறு என்ற இரட்டைப்படை இடைவெளிகளால் கட்டு. அதற்கு அவர் வைத்த பெயரே 'இரட்டை ஹார்மனி'. ஏன் அது பொருந்துகிறது என்றால், அவர்களுடைய மெட்டுகளில் நான்கு ஸ்வரக் கட்டின் இரண்டு ஓரங்களும் அசையாதவை, நடுவில் இருப்பவைதான் அசைபவை. மூன்றாம் இடைவெளி போய் அந்த அசைகிற ஸ்வரத்தில் இடிக்கிறது. நான்காம் இடைவெளி அசையாததைப் பிடித்துக்கொள்கிறது. 'ஈ', 'ஏ', 'டி' என்று நான்காக அடுக்கிப் பார். கோரோன் வருவதற்கு முன்னால் வைத்துவிட்டு, அது வரும்போது 'ஈ'யை எடுத்துவிடு.

அலி ஹாதமியின் 'ஹெஸார் தஸ்தான்' என்ற ஈரானியத் தொலைக்காட்சித் தொடரின் முகப்பு இசை ஹன்னானேவினுடையது. அடியில் இருப்பது மொர்தெஸா நேய்தாவூதின் பழைய இஸ்ஃபஹான் பீஷ்-தராமத், அதாவது முன்னுரை மாதிரி வாசிக்கிற துண்டு. அந்தத் தொடருக்காகத் தெஹ்ரானின் ஒரு பழைய தெருவையே செட்டாகக் கட்டினார்கள். இன்றைக்கும் அந்த இடம் கஸாலி சினிமா நகரம் என்று இருக்கிறது. முகப்பை ஹெட்போனில் கேள். உன் மெட்டும் இஸ்ஃபஹான், அதுவும் இஸ்ஃபஹான்.

இனி உன் பதினாறு ஸ்ட்ரிங்ஸ்காரர்கள் விஷயம். 'டி'யில் வைத்திருப்பது நல்ல காரியம். 'பி' வயலின், வயோலா, செல்லோ எதிலும் திறந்த கம்பி இல்லை. 'ஜி'யில் ஷூர் என்ற இன்னொரு பாரசீக முறையை வைத்திருந்தால் கோரோன் 'ஏ'யில் விழும், அதற்கு யாரும் திறந்த 'ஏ' கம்பியைத் தொட முடியாது. பாகங்களில் கோரோன் குறியை ஒவ்வொரு 'பி'க்கும் தனித்தனியாக எழுது, வரியின் தொடக்கத்துக் கீ சிக்னேச்சரில் மட்டும் போட்டால் நாலாவது பாரில் மறந்துவிடுவார்கள். 'ஏ' கம்பியில் அது முதல் விரல், கீழிழுத்த முதல் விரல். செல்லோக்காரர் 'ஜி' கம்பியில் எடுத்தால் இரண்டாம் விரலா மூன்றாம் விரலா என்று தடுமாறுவார். மூன்றாவதைப் பின்னுக்கு இழுக்கச் சொல். ஒத்திகையில் முதல் பத்து நிமிடம் வேறெதுவும் வேண்டாம்: ஹெட்போனில் 'டி' சுருதி, 'ஏ, பி கோரோன், சி ஷார்ப், டி', மெதுவாக, ஏறி இறங்கி. இறங்கும்போதுதான் சரியும். காது பழகின மைனருக்கே ஓடும், ஐந்து நிமிடத்தில் எல்லோரும் ஃப்ளாட்டில் போய் நிற்பார்கள். அப்போது நிறுத்தி நேய்க்காரரை ஒரு தடவை தனியாக வாசிக்கச் சொல். விப்ராடோவைக் கோரோனில் அறவே நிறுத்து. விரல் அகலமாக ஆடினால் எது கோரோன், எது ஃப்ளாட் என்று யாருக்கும் தெரியாது.

எல்லோருக்கும் அந்த ஸ்வரத்தைக் கொடுக்காதே. வயோலாவுக்கு மட்டும், அதுவும் நேயோடு ஒரே ஸ்வரமாக இரண்டே இடத்தில். மற்றவர்கள் 'டி', 'ஏ', 'ஜி'யில் நிற்கட்டும்.

நேய் பற்றி. கணுக்களால் ஏழு பகுதியாகப் பிரிந்த நாணல், முன்னால் ஐந்து துளை, பின்னால் ஒன்று. இஸ்ஃபஹான் முறையில் ஓரத்தைப் பல்லிடுக்கில் வைத்து நாக்கால் காற்றைத் திருப்புகிறார்கள். ஒரு நேய் ஒரு சுருதிக்குத்தான் சுகமாக இருக்கும். அதனால் 'டி'க்கான நேயைக் கொண்டுவரச் சொல்லி இப்போதே பேசிவிடு. சூடு ஏறினால் சுருதியும் ஏறும், டேக்குக்கு முன் கால் மணி நேரம் வாசித்துவிட்டு உட்காரட்டும். கீழ் ஸ்தாயி ரொம்ப மெல்லியது. உன் எட்டு வயலினும் அதன் மேல் படுத்தால் காற்றுச் சத்தம்தான் மிஞ்சும். அந்த 12 பாரில் வயலினை எடுத்துவிடு, செல்லோ போதும்.

கிளிக் போட்டு, அதாவது ஹெட்போனில் தாளத் தட்டு ஓடவிட்டு, நேயின் ஆவாஸ் பகுதியை வாசிக்க வைக்க நினைக்காதே. ஆவாஸுக்குத் தாளம் கிடையாது, மூச்சுதான். முதலில் நேயைத் தனியாக, படத்தைப் பார்த்தபடி எடு. பிறகு அதில் ஸ்ட்ரிங்ஸ் நுழைகிற இடங்களைக் குறித்துக்கொண்டு நீயே கையால் நடத்து. 6/8இல் ஓடுகிற கடைசிப் பகுதிக்கு மட்டும் கிளிக். தலைகீழாகச் செய்தால் நேய்க்காரர் கிளிக்கைத் துரத்திக்கொண்டே இருப்பார், நம் ராஜமுந்திரி கச்சேரி மாதிரி.

மூன்றாவது ரீலில் சந்தூர் (குச்சியால் தட்டுகிற கம்பி வாத்தியம்) சஹார்காஹ் முறையை வாசிக்கிறது என்றாயே, அது நம் மாயாமாளவகௌளைக்குப் பக்கத்து வீடு, ரியும் தவும் கோரோன். சந்தூரில் 72 கம்பி, கம்பியைத் தாங்குகிற ஒரு பிரிட்ஜுக்கு நாலு. ஒரு நாளில் இஸ்ஃபஹானும் சஹார்காஹும் வேண்டுமென்றால் இரண்டு சந்தூர் வை, இல்லையென்றால் கம்பி முறுக்கவே செஷன் போய்விடும்.

ஹுஸைன் அலிஸாதேயின் 'நேய்நவா' உன்னிடம் இருக்கிறதா? 1983. நேயும் ஸ்ட்ரிங்ஸும், நவா என்ற தஸ்த்காஹ், அதாவது பாரசீக இசை முறை. அலிஸாதே தார் என்ற கம்பி வாத்தியம் வாசிப்பவர், பெர்லினிலும் படித்தவர். பிற்பாடு 'கப்பே', 'டர்டில்ஸ் கேன் ஃப்ளை' படங்களுக்கு எழுதியவரும் அவர்தான். இவர்கள் எல்லோருக்கும் ஐரோப்பிய ஹார்மனி நன்றாகவே தெரியும்டா. தெரிந்தும் அந்த ஸ்வரத்தை விட்டுக்கொடுக்கவில்லை, கார்டை மாற்றினார்கள். அதனால்தான் நேற்று உன் வரியைப் படித்துத் தூக்கம் வரவில்லை. உன் கையில் இருப்பது ஒருவர் சின்ன வயதிலிருந்து மூச்சால் பிடித்து வைத்திருக்கிற இடம்.

இரண்டு 'ஜி' மைனரையும் எடுத்துவிட்டு வயோலா பாகத்தை மட்டும் வியாழனுக்குள் அனுப்பு. நான் விரல் குறி போட்டு வெள்ளிக்கிழமை திருப்பிவிடுகிறேன். அக்காவிடம் அந்த எலுமிச்சை ஊறுகாய் முடிந்துவிட்டது என்று சொல்.

உன்
பக்கத்து ஸ்டாண்ட்