ஒனிபாபாவில் பேய் எங்கே இருக்கிறது?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற இதழின் ஜப்பானிய சினிமா கட்டுரையில் கனெட்டோ ஷிண்டோவுக்குக் கிடைத்தது ஒரே ஒரு வரி. ‘ஒனிபாபா போன்ற பேய்ப் படங்களை எடுத்தவர்.’ நான்கு நாளாக அந்த வரி மனதை அறுக்கிறது.

ஒனிபாபாவில் பேயே கிடையாது. போருக்குப் போன மகன் திரும்பவில்லை. மாமியாரும் மருமகளும் நாணல் காட்டில் பதுங்கியிருந்து, வழிதவறி வரும் சாமுராய்களைக் கொன்று, கவசத்தை விற்றுத் தானியம் வாங்கிப் பிழைக்கிறார்கள். மருமகளைப் பயமுறுத்த மாமியார் போட்ட முகமூடி முகத்தோடு ஒட்டிக்கொள்கிறது. உடைத்து எடுத்தால் உள்ளே வெந்துபோன முகம். அணுகுண்டில் கருகியவர்களின் படங்களைப் பார்த்துச் செய்த ஒப்பனை அது. ஷிண்டோ பிறந்ததே ஹிரோஷிமா மாவட்டம்தான். 1944இல் ராணுவத்துக்கு இழுக்கப்பட்டு, தன் பிரிவின் நூறு பேரில் உயிரோடு மிஞ்சிய ஆறு பேரில் ஒருவர். அமெரிக்கப் படை ஆட்சி முடிந்த 1952லேயே ஹிரோஷிமாவுக்குப் போய் அந்த மக்களைப் படமெடுத்தவர். அவருடைய இன்னொரு படமான ‘குரோநெகோ’வில் பேய் உண்டுதான், ஒத்துக்கொள்கிறேன். பேயாக வரும் பெண்களைச் சீரழித்துக் கொன்ற படைவீரர்களையும் அதில்தானே காட்டினார்? இதெல்லாம் தங்களுக்குத் தெரியாததல்ல. அதனால்தான் வருத்தம் கூடுகிறது.

இது முதல் முறையும் அல்ல. ஹாச்சி நாயைப் பற்றிய ஹாலிவுட் படத்துக்கு முன்பு ஒரு முழுப் பக்கம் கொடுத்தீர்கள். அது 1987இல் வந்த ஜப்பானியப் படத்தின் மறுஆக்கம். மூலப் படத்தின் திரைக்கதை ஷிண்டோ எழுதியது. அந்தப் பெயர் உங்கள் பக்கத்தில் எங்குமே இல்லை. அப்போதே கடிதம் போட்டேன், வெளியிடவில்லை. எழுதுகிறவன் பெயர் என்றால் உங்கள் சினிமா பக்கங்களில் இடம் கிடைப்பதே இல்லை. இவரோ மற்ற இயக்குநர்களுக்கும் சேர்த்து இருநூறுக்கு மேல் திரைக்கதை எழுதியவர்.

என் அம்மா எழுதப் படிக்கத் தெரியாதவர். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து ஒரு கிலோமீட்டர் நடந்து தண்ணீர் சுமந்தவர். ஒருநாள் வீட்டில் ஷிண்டோவின் ‘நேக்கட் ஐலண்ட்’ படத்தைப் போட்டேன். தண்ணீரில்லாத சின்னத் தீவு. கணவனும் மனைவியும் படகில் போய்த் தண்ணீர் கொண்டுவந்து, காவடி கட்டி மேட்டில் ஏற்றிப் பயிருக்கு ஊற்றுகிறார்கள். படத்தில் பேச்சே இல்லை என்று சொல்லலாம். அவள் கால் இடறி ஒரு வாளித் தண்ணீரைக் கொட்டிவிடுகிறாள், அவன் கன்னத்தில் அறைகிறான். அம்மா சட்டென்று என் கையைப் பிடித்துக்கொண்டார். கடைசி வரை விடவில்லை. மகன் செத்தபின் அந்தப் பெண் வாளியை வீசிவிட்டுப் பயிரைப் பிடுங்கிப் போட்டு அழும்போது அம்மாவும் அழுதார். சொந்த நிறுவனம் மூழ்கும் நிலையில், மிகச் சிறிய குழுவை வைத்துக்கொண்டு 1960இல் எடுத்த படம் அது. மறு ஆண்டு மாஸ்கோவில் பெரும் பரிசு வாங்கியது.

98 வயதில் சக்கர நாற்காலியில் உட்கார்ந்தபடி, தன் பிரிவின் அந்த நூறு படைவீரர்களின் கதையை ‘போஸ்ட்கார்டு’ என்று எடுத்து முடித்தார். 2012இல் நூறு வயது நிறைந்து அடுத்த மாதம் காலமானார். அவரைப் பேய்ப் பட இயக்குநர் என்று முடித்துவிட உங்களுக்கு எப்படி மனம் வந்தது?

தனிக் கட்டுரை கேட்கவில்லை. அடுத்த இதழில் இரண்டு வரித் திருத்தம் போடுங்கள். அதில் ‘திரைக்கதை ஆசிரியர்’ என்ற சொல் இருக்கட்டும்.

இப்படிக்கு,
22 ஆண்டுகாலச் சந்தாதாரர்,
திருச்சி.