குழாயடியிலிருந்து 28ஆம் நாள் வரை: ஒரு நன்றி மடல்

அன்புடையீர், வணக்கம்.

எங்கள் பகுதியில் தெருநாய்களுக்கு வெறிநோய்த் தடுப்பூசி முகாமும், கடிபட்டவர்களுக்குச் சிகிச்சையும் ஒழுங்காக நடந்ததற்குப் பல கைகள் காரணம். மேடை போட்டுப் பொன்னாடை போர்த்த வசதியில்லை. யார் என்ன செய்தார்கள் என்பதையாவது எழுதி வைக்கிறோம்.

முதல் நன்றி, குழாயைத் திறந்துவிட்டவர்களுக்கு. நாய் கடித்த இடத்தை ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு முழுசாக 15 நிமிடம் கழுவ வேண்டும். வெறிநோயைத் தரும் ரேபிஸ் கிருமிக்குக் கொழுப்பாலான மேலுறை உண்டு. சோப்பு அதைக் கரைத்துவிடும். இரண்டு நிமிடத்திலேயே "போதும், வண்டியை எடு" என்று பதறுவதுதான் ஊர் வழக்கம். கடிகாரத்தைப் பார்த்தபடி கூடவே நின்ற டீக்கடைக்காரரை மறக்க முடியாது. சுண்ணாம்பு, மிளகாய்ப்பொடி, காபித்தூளோடு ஓடிவந்தவர்களைத் தடுத்தவர்களுக்கும் நன்றி. அவை புண்ணைக் கெடுப்பதைத் தவிர வேறொன்றும் செய்யாது.

அரசு மருத்துவமனைச் செவிலியர்களுக்கு எவ்வளவு சொன்னாலும் தகும். தடுப்பூசி போட்டதும் எதிர்ப்புச் சக்தி வந்துவிடாது. ஒரு வாரத்துக்கு மேல் ஆகும். அதுவரை காவல் நிற்பது இம்யூனோகுளோபுலின் எனும் சீரம்; கிருமியை எதிர்க்கும் பொருள் அதில் தயாராகவே இருக்கும். தோல் கிழிந்து ரத்தம் வந்த கடிக்கு இது கட்டாயம். குதிரை ரத்தத்திலிருந்து எடுத்த சீரம் என்றால் உடல் எடையில் கிலோவுக்கு 40 யூனிட். 60 கிலோ ஆளுக்கு 2,400 யூனிட். மில்லிக்கு 300 யூனிட் உள்ள மருந்தில் 8 மில்லி. இதைப் புட்டத்தில் போட்டு அனுப்பிவிட்டால் காரியம் கெட்டது. கடிவாயின் ஓரத்தில் மெல்லிய ஊசியை இறக்கி, கொஞ்சம் செலுத்தி, எடுத்து, அடுத்த பல்தடத்துக்குப் போக வேண்டும். ஒரு சின்னப் பல்தடம் விட்டுப்போனாலும் கிருமிக்கு அதுவே வாசல். விரல் நுனியில் இடமே இருக்காது. அழுத்திச் செலுத்தினால் ரத்த ஓட்டம் தடைபடும். 15 கிலோ குழந்தைக்கோ 2 மில்லிதான் கணக்கு. முகம், கை, கால் என்று கடி பரவியிருந்தால் பத்தாது. மருந்தைக் கூட்டக் கூடாது. சலைன் கலந்து பெருக்கி எல்லாப் புண்ணுக்கும் போட வேண்டும். குழந்தை வீறிட, தாய் முகத்தைத் திருப்பிக்கொள்ள, கை நடுங்காமல் இதைச் செய்தார்கள்.

"தையல் போடுங்க டாக்டர்" என்று நச்சரித்தவர்களிடம் பொறுமையாக மறுத்த மருத்துவருக்கும் நன்றி. சீரம் போடாமல் தைத்தால் கிருமியை உள்ளே வைத்துத் தைத்த மாதிரி.

இதே சீரத்தில் மனித வகையைத் தனியாரிடம் வாங்கினால் 60 கிலோ ஆளுக்கு 300 யூனிட் குப்பி நான்கு தேவை. செலவு ஆயிரக்கணக்கில் போகும். அரசு மருத்துவமனையில் இலவசம் என்றாலும் கூலி போகிறதே! தடுப்பூசிக்கு மட்டும் 0 (முதல் ஊசி போடும் நாள்), 3, 7, 28 என நான்கு நாள் வர வேண்டும்; ஒவ்வொரு முறையும் இரு புஜத்திலும் தோலுக்குள் 0.1 மில்லி. அந்த நாட்களில் சம்பளம் பிடிக்காத முதலாளிகளுக்குத் தனி வணக்கம். தொப்புளைச் சுற்றிப் போடும் ஊசி போய் வெகுகாலமாகிறது. ஆனாலும் அந்தப் பயம் இன்னும் பல பேரை வீட்டிலேயே உட்கார வைக்கிறது.

நாய் பிடித்த தொழிலாளர்கள் விடியற்காலையில் வலையோடு வந்தார்கள். கம்பிச் சுருக்கு போட்டால் கழுத்து அறுபடும்; பார்த்த நாய்கள் மறுநாள் ஆள் வாடைக்கே ஓடிவிடும். தினமும் சோறு வைக்கும் அக்காக்கள் மடியில் பிடித்துக் கொடுத்த நாய்களுக்கோ வலையே தேவைப்படவில்லை. ஒரு பகுதியில் நூற்றுக்கு 70 நாய்க்காவது ஊசி போட்டால்தான் நோய் பரவும் சங்கிலி அறும். அந்தக் கணக்கை எட்ட வைத்தது இவர்கள்தான். இவர்களிடம் ஒரு வேண்டுகோள்: சோற்றைப் பிள்ளைகள் விளையாடும் இடத்திலும் மாடிப்படி அருகிலும் வைக்காதீர்கள். கழிவைத் தெருவில் கொட்டாமல் மூடிய டிரம்மில் போட்ட கறிக்கடைக்காரர்களுக்கும் நன்றி.

பள்ளி விளையாட்டு ஆசிரியர் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்தது: நாய் துரத்தினால் ஓடாதே, மரம் போல் நில், கண்ணுக்குக் கண் பார்க்காதே. விழுந்துவிட்டால் சுருண்டு காதையும் கழுத்தையும் கையால் மூடிக்கொள். தின்னும் நாயையும் குட்டி போட்ட நாயையும் தொடாதே.

கடித்த நாயை அடித்துக் கொல்லாமல் 10 நாள் கண்காணித்த தெருக்காரர்களுக்கும் கடமைப்பட்டிருக்கிறோம். நாய் நலமாக இருக்கும் என்று காத்திருந்து எவரும் ஊசியைத் தள்ளிப்போடவில்லை. அது சரியான முடிவு.

மூன்றாவது ஊசியோடு நின்றுவிட்ட சிலர் இன்னும் இருக்கிறார்கள். சீட்டில் 28ஆம் நாள் தேதி எழுதியிருக்கிறது. புறநோயாளி நேரத்தில் அதைக் காட்டினால் போதும்.

நன்றியுடன்,
முகாம் குழுவினர்