ஹட்டன் சுவர்களுக்கும் வண்ணம் வேண்டும்

ஆசிரியருக்கு,

2019 கடைசியில் இலங்கை முழுக்க இளைஞர்கள் தெருச்சுவர்களில் படம் வரைந்தார்களே, அந்த உற்சாகம் அப்படியே அடங்கிப்போனது பெரிய குறை. மலையகத்தில் எங்கள் ஹட்டன் டவுனில் பாசி பிடித்த சுவர், அதன்மேல் டியூஷன் போஸ்டர், அதற்கும் மேல் தேர்தல் போஸ்டர், கீழே வெற்றிலை எச்சில். மலையகத் தமிழரின் 200 ஆண்டு வரலாற்றை 2023இல் மேடை மேடையாகப் பேசினோம், சரி, அதைச் சந்தைக்கு வரும் அம்மாக்களும் பார்க்க வேண்டாமா? தேயிலைக் கொழுந்துக் கூடையையும் நம் தோட்டங்களில் ஆடும் காமன் கூத்தின் ரதி மதனையும் நம் பிள்ளைகளே வரைந்தால் அங்கே துப்ப யாருக்கும் மனம் வராது. கடைக்காரர்கள் பெயின்ட் தரலாம், நகரசபை அனுமதி கொடுத்தால் போதும். ஆனால் பாசியைச் சுரண்டி, நீர்க்கசிவை அடைத்து, அடிப்பூச்சு பூசிவிட்டுத்தான் வரைய வேண்டும், இல்லாவிட்டால் எங்கள் மழைக்கு எல்லாம் உரிந்துவிடும்.

வாசகர்,
ஹட்டன்