கோடியக்கரை வெறும் முள்காடா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு இணைப்பிதழின் சுற்றுலாக் கட்டுரையில், "கோடியக்கரை வெறும் முள்காடு. மான் பார்க்கத்தான் என்றால் முதுமலைக்கே போய்விடலாம்" என்று ஒரு வரி வந்திருந்தது. போதாததற்குப் புள்ளிமான் படத்தைப் போட்டு, அடியில் வெளிமான் என்று அச்சிட்டிருக்கிறீர்கள். படித்ததிலிருந்து மனசு ஆறவில்லை.

முதுமலையில் ரோட்டோரம் நிற்பது புள்ளிமான். கோடியக்கரைக்குப் போவது வெளிமானைப் பார்க்க. அந்த மானைக் காப்பாற்றத்தான் 1967-ல் கோடியக்கரையைச் சரணாலயம் ஆக்கினார்கள். 2002-ல், உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சர் பட்டியலில் சேர்ந்தது. 2022 வரை தமிழ்நாட்டிலிருந்து அந்தப் பட்டியலில் இருந்த ஒரே இடம் அதுதான். இதெல்லாம் தங்களுக்குத் தெரியாததல்ல. தெரிந்திருந்தும் அந்த வரியை எப்படி விட்டீர்கள்?

என் தங்கையை வேதாரண்யத்தில் கொடுத்திருக்கிறோம். மாப்பிள்ளைக்கு உப்பளத்தில் வேலை. அங்கே போகும்போதெல்லாம் விடிந்ததும் கோடியக்கரைக்குக் கிளம்பிவிடுவோம். கடைசியாகப் போனபோது புல்வெளி நடுவே ஒரு கிடா நின்றது. முதுகு நல்ல கறுப்பு, வயிறு வெள்ளை, கண்ணைச் சுற்றி வெள்ளை வட்டம், முறுக்கிவிட்ட கொம்பு. கொம்பில்லாத பெட்டைகள் கொஞ்சம் தள்ளி மேய்ந்தன. நாங்கள் வெகுதூரத்தில் வரும்போதே ஒரு பெட்டை தலையைத் தூக்கிப் பார்த்துத் துள்ளியது. அப்புறம் மொத்தக் கூட்டமும் பாய்ந்து ஓடியது. கண்ணையும் காலையும் நம்பிப் பிழைக்கிற பிராணி அது. திறந்த வெளி இல்லாவிட்டால் அதற்கு வாழ்வில்லை.

அந்த வெளியைத்தான் சீமைக்கருவேலம் மூடிக்கொண்டு வருகிறது. மாடும், அங்கே காட்டில் திரிகிற குதிரையும் அதன் காயைத் தின்று, போகிற இடமெல்லாம் சாணத்தோடு விதையைப் போடுகின்றன. கட்டுரையாளர் பார்த்த முள் அதுதான். பாலை மரமும் நாவல் மரமும் நிற்கிற காடு அங்கே இருக்கிறது. மழைக்காலம் முடிகிற நேரத்தில் போயிருந்தால் சதுப்பில் பூநாரைக் கூட்டத்தையும் பார்த்திருப்பார்.

"குதிரைகளுக்குத் தின்பண்டம் கொடுத்து மகிழலாம்" என்று வேறு எழுதியிருக்கிறார். எலுமிச்சை சாதம் ஒட்டியிருந்த பாலித்தீன் கவரை ஒரு குதிரைக்குட்டி மென்று விழுங்கப் பார்த்ததை நான் பக்கத்தில் நின்று பார்த்தவன். துரத்திய பிறகுதான் துப்பியது.

2018 நவம்பர் 16-ல் கஜா புயல் அடித்தபோது தென்னைக்காகப் பக்கம் பக்கமாக எழுதினீர்கள். ஜனங்களின் பிழைப்பு அது, எழுதத்தான் வேண்டும். ஆனால் வெளிமான்கள் செத்துக் கரை ஒதுங்கியதற்குத் தங்கள் பத்திரிகையில் கிடைத்தது உள்பக்கத்தில் நான்கு வரி. சேற்றில் புதைந்து கிடந்த கிடாவின் கொம்பைப் பார்த்த மாப்பிள்ளை, அன்றைக்குப் போனில் பேசவே முடியாமல் வைத்துவிட்டார்.

எங்கள் தருமபுரி மாவட்டத்துக்கும் இதே கதிதான். ஒகேனக்கல் என்றால் பரிசலும் மீன் வறுவலும். 2022-ல் தருமபுரி, கிருஷ்ணகிரிக் காடுகளைச் சேர்த்துக் காவிரி தெற்கு சரணாலயம் அறிவித்தார்களே, அதைப் பற்றி ஒரு முழுக் கட்டுரை உண்டா? யானை வயலில் இறங்கினால் படத்தோடு செய்தி. 2023 மார்ச்சில் மாரண்டஅள்ளி பக்கம் மூன்று யானைகள் மின்வேலியில் சிக்கிச் செத்து, இரண்டு குட்டிகள் தாயின் உடலை விட்டுப் போகாமல் நின்றபோது, இரண்டு நாள் எழுதினீர்கள். அதோடு சரி.

அடுத்த இணைப்பிதழில் வெளிமானின் சரியான படத்தைப் போட்டு, திருத்தம் என்று வெளியிடுங்கள். குதிரைக்குத் தீனி கொடுக்கச் சொன்ன வரியையும் தவறு என்று அதிலேயே சொல்லிவிடுங்கள். பள்ளி விடுமுறைக்குள் வந்தால் நல்லது.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகன்,
பாலக்கோடு, தருமபுரி மாவட்டம்.