மஞ்சப் பை அக்காவுக்கும் மற்றவர்களுக்கும்

சென்னையில் குடிசைகளை இடித்து அனுப்பியவர்களைக் குடிவைத்த பெரும்பாக்கம் எட்டு மாடிக் குடியிருப்பில் இருக்கும் அக்காவுக்கும், கூடவே நின்ற எல்லாருக்கும் வணக்கம்.

பதினோரு வருடமாக நிருபராக வீடு, கூலி, வேலை என்றே எழுதி வந்தவள் நான். 2023 ஏப்ரலில் என் வேலையே போனது. மாலை நாலு மணிக்குக் கூப்பிட்டு, ராஜினாமா என்று அவர்களே அடித்து வைத்திருந்த தாளை நீட்டினார்கள். ஊரார் நியமன ஆணையையெல்லாம் கேட்டு வாங்கிப் படித்த எனக்கு, என்னுடையது எங்கே இருக்கிறதென்று தெரியவில்லை.

இரண்டு நாள் கழித்து பெரும்பாக்கம் போனேன். பேட்டி எடுக்கத்தான். லிஃப்ட் ஓடவில்லை, ஆறு மாடி ஏறி மூச்சு வாங்கும்போது அழுகையும் சேர்ந்து வந்துவிட்டது. அக்கா முதலில் கேட்டது, "கையெழுத்துப் போட்டுட்டியா?" இல்லை என்றேன். "அப்போ சரி" என்று சொல்லிவிட்டு மஞ்சப் பையைக் கவிழ்த்தார். ஒதுக்கீட்டு ஆணை, ரேஷன் கார்டு, இடித்துப்போட்ட பழைய வீட்டின் கரண்ட் பில், ஒவ்வொன்றும் தனித்தனி பிளாஸ்டிக் கவரில். "இதெல்லாம் இல்லாட்டி நான் யாரு? போய்த் தேடு." தேடினேன். என் நியமன ஆணை சமையல் கேஸ் புத்தகத்துக்குள் இருந்தது.

இன்றும் மயிலாப்பூருக்கு வீட்டு வேலைக்குப் போகிறவர் அவர். 2021-இல் பெண்களுக்குக் கட்டணமில்லாப் பேருந்து வந்திராவிட்டால் பாதி வீடுகளை விட்டிருப்பேன் என்பார். வீட்டை மாற்றினால் வேலையும் போகும் என்பதை அவரிடம்தான் முதலில் கேட்டேன். மும்பை நடைபாதைவாசிகள் வழக்கில் 1985-இல் உச்ச நீதிமன்றம் அதையே சொன்னதைப் பிறகுதான் படித்தேன். அந்த வழக்குக்குப் போன ஓல்கா டெல்லிஸும் ஒரு பத்திரிகையாளர். (இடிக்கவே கூடாது என்று அந்தத் தீர்ப்பு சொல்லவில்லை. மழைக்காலம் முடியும்வரை பொறுக்கச் சொன்னது.)

சங்கத்துத் தோழர்களுக்கு நன்றி. உழைக்கும் பத்திரிகையாளர்களுக்காக அப்போது நடப்பில் இருந்த 1955-ஆம் வருடச் சட்டத்தை எடுத்துக் காட்டி, நிருபரை வேலையை விட்டு அனுப்ப மூன்று மாத நோட்டீஸ் வேண்டும் என்று எனக்கே பாடம் நடத்தினார்கள். வெட்கமாகத்தான் இருந்தது. சமரசப் பேச்சுக்கு ஒவ்வொரு முறையும் கூட வந்து, டீக்குக்கூடக் காசு வாங்காத வக்கீல் அண்ணனுக்கும் நன்றி.

அப்புறம் வீட்டுக்கார அம்மா. மூன்று மாத வாடகையை அட்வான்ஸில் கழித்துக்கொண்டார். அட்வான்ஸ் பத்து மாதம் என்பது வேறு கதை. வேறுவிதமாக ஒப்பந்தம் இல்லையென்றால் மூன்று மாதத்துக்கு மேல் வாங்கக்கூடாது என்று தமிழ்நாட்டின் 2017 வாடகைச் சட்டம் சொல்வதை நானே எழுதியிருக்கிறேன்; கையெழுத்துப் போடும்போது மட்டும் வாயைத் திறக்கவில்லை.

பதினாலு மாதம் இழுத்து, ஒருவழியாக நோட்டீஸ் பணமும் கிராஜுவிட்டியும் (பணிக்கொடை) வந்து சேர்ந்தன. வேலை திரும்பக் கிடைக்கவில்லை. தனியாகத்தான் எழுதிக்கொண்டிருக்கிறேன்.

அக்கா, பிளாஸ்டிக் கவர் ஒரு டஜன் வாங்கி வைத்திருக்கிறேன், ஆறு உங்களுக்கு, ஆறு எனக்கு. ஞாயிற்றுக்கிழமை வருகிறேன். லிஃப்ட் ஓடுகிறதா என்று மட்டும் போன் போட்டுச் சொல்லிவிடுங்கள்.