அமாவாசை பார்த்துக் காரை நிறுத்தும் ஊர்

ட்விக்கனம், லண்டன்
நவம்பர் 14

அன்புள்ள அப்பாவுக்கு,

நலம். அங்கே அனைவரும் நலம்தானே? ஆற்றுக்கு நடுவில் ஐம்பது வீடு இருக்கிறது என்று போனில் சொன்னதும், "வெள்ளம் வந்தா எங்க போவாங்க?" என்று கேட்டீர்கள். ஸ்ரீரங்கத்துக்காரர் வேறென்ன கேட்பார்! போனில் சொல்லி முடியாது என்பதால் எழுதுகிறேன்.

தீவின் பெயர் ஈல் பை. ஈல் என்றால் விலாங்கு. அதன் கறியை மாவில் பொதிந்து சுட்ட 'பை' இங்கிருந்த சத்திரத்தில் பேர் போனது. மொத்தமே ஒன்பது ஏக்கருக்குச் சற்றுக் குறைவு, சுமார் 120 பேர். இரண்டு முனைகளும் பறவைகளுக்கென்று விட்ட காடு, ஆள் போகக்கூடாது. நடுவில் வீடுகள், படகுப் பட்டறைகள், ஓவியர்களின் கொட்டகைகள். கரையோடு இணைக்க ஒரே ஒரு நடைபாலம், அதுவும் 1957-ல்தான் முதன்முதலில் வந்தது. கார் இன்றைக்கும் போகாது. ஃபிரிட்ஜ் வாங்கினால் கரையில் இறக்கித் தள்ளுவண்டியில் பாலமேற்ற வேண்டியதுதான்.

வெள்ளத்துக்கு வருகிறேன். காவிரி ஒரே பக்கம்தான் ஓடும். தேம்ஸ் இங்கே தினம் இரண்டு முறை திரும்பி ஓடுகிறது. கடல் ஓதம், அதாவது கடல்மட்டம் தினமும் ஏறி இறங்குவது, மேலே டெடிங்டன் தடுப்பணை வரை எட்டுகிறது. ஏறுவது உப்புநீர் என்று நினைக்காதீர்கள். கடல் கீழே முட்டுக்கொடுக்க, ஆற்று நீரே பின்வாங்கி நிற்கிறது. அதனால் படகின் அடிப்பாகம் துருப்பிடிக்காமல் இருக்கக் கட்டும் உலோகக் கட்டிகூட இங்கே மெக்னீசியம். கடல் படகுக்குப் போடும் துத்தநாகம் நன்னீரில் சரியாக வேலை செய்யாது. ஓதம் ஏறும்போது விறுவிறு, வடியும்போது நிதானம். ஓதம் ஏறும் நேரம் தினமும் சுமார் 50 நிமிடம் தள்ளிப்போகும்.

உங்கள் பஞ்சாங்கம் இங்கே உதவும். அமாவாசை, பௌர்ணமி கழிந்து ஓரிரு நாளில்தான் ஓதம் மிக உயரும். தீவுக்கு எதிர்க்கரைச் சாலையில் அப்போது தண்ணீர் ஏறிவிடும். எச்சரிக்கைப் பலகை இருந்தும், காய்ந்த தரையைப் பார்த்துக் காரை விட்டுப் போகிறவர்கள் உண்டு. லண்டன் பாலத்தில் ஓதம் உச்சத்துக்கு வரும் நேரத்தோடு ஏறக்குறைய ஒரு மணி கூட்டிக்கொண்டால் இங்கத்தி நேரம் கிடைக்கும். அதைப் பார்க்காததுதான் தப்பு.

படகு கட்டுவதிலும் இதே கணக்கு. கயிற்றை இறுக்கிக் கட்டினால் நீர் வடியும்போது படகு தொங்கும். ஏறும்போது ஒரு பக்கம் அமுங்கித் தண்ணீர் குடிக்கும். ஏற்ற இறக்கத்தைப் போல மூன்று மடங்கு நீளமாவது கயிறு விட வேண்டும்.

வற்றுவதும் ஒரு தொல்லைதான். பழைய லண்டன் பாலத்தின் நெருக்கமான தூண்கள் அணைபோலத் தண்ணீரைத் தேக்கி வைத்திருந்தன. 1830-களில் அதை இடித்து முடித்ததும், வற்றும் நேரத்தில் இங்கே சேறுதான் மிஞ்சியது. 1894-ல் ஆற்றில் சற்றுக் கீழே ரிச்மண்டில் மதகு கட்டினார்கள். உச்ச ஓதத்துக்கு இரண்டு மணி முன்னும் பின்னும் கதவுகளைத் தூக்குவார்கள், மற்ற நேரம் இறக்கி நீரைப் பாதி அளவிலாவது நிறுத்துவார்கள். பெரும்பாலும் நவம்பரை ஒட்டி, பராமரிப்புக்காக மூன்று வாரம் திறந்தே விடுவார்கள். நம்மூரில் வாய்க்கால் அடைக்கிற மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். படகின் அடி, சங்கிலி, நங்கூரம் எல்லாம் பார்க்க அதுதான் தோது. அடியில் கல் இருந்தால் படகு அதன்மேல் சாய்ந்து உட்கார்ந்துவிடும். முன்கூட்டியே நகர்த்த வேண்டும்.

மேலே மழை கொட்டினால்? அதற்குத்தான் கீழே கிழக்கு லண்டனில் ஆற்றுக்குக் குறுக்கே பெரிய கதவுகளோடு தேம்ஸ் தடுப்பு இருக்கிறது. ஓதம் வற்றியதும் மூடிவிடுவார்கள். கடல் ஏறாததால் மழைநீர் வந்து நிற்க இடம் கிடைக்கும். 2013-14 குளிர்காலத்தில் மட்டும் 50 முறை மூடினார்கள்.

சத்திரம் இருந்த இடத்தில் 1830-ல் பெரிய ஓட்டல் வந்தது. 1956 முதல் அங்கே ஜாஸ், பிறகு ரோலிங் ஸ்டோன்ஸ் என்ற ராக் குழு வரை வாசித்தார்கள். பழுதுபார்க்கக் காசில்லாமல் 1967-ல் மூடினார்கள். 1971-ல் எரிந்தே போனது. விலாங்கும் அப்படித்தான். 1980-களிலிருந்து ஐரோப்பா முழுக்கக் குஞ்சு வரத்து 90 சதவீதத்துக்கு மேல் குறைந்துவிட்டது. பெயர் மட்டும் மிச்சம்.

ஜூனில் நீங்களும் அம்மாவும் வருவதாக இருந்தால், பஞ்சாங்கம் பார்த்துத் தேதி சொல்லுங்கள். அமாவாசைக்கு மறுநாள் வேண்டாம். அம்மாவால் பாலத்தடி வரை நனையாமல் நடக்க முடியாது.

அன்புடன்,
உங்கள் மகள்